சேரும் பைரன்ர காய்ச்சலும்

சேர் மோசம் போயிட்டார் எண்டு போன மாசம் பட்ச் வாட்ஸ்அப்பில வந்தது, கீழ நாப்பது கும்பிடு கை. நினைவு மலருக்கு ஏதும் எழுதித் தாங்கோ எண்டு செயலாளர் நச்சரிச்சுக்கொண்டிருந்தவர், சரி இதையே எழுதுவம்.

ஏ.எல் கிளாஸ், இன்டர்வெல் முடிஞ்ச பாடம், அந்த நேரம் சேரின்ர மூட் உங்களுக்குத் தெரியும்தானே. இங்கிலீஸ் கவிஞர் பைரன் எப்பிடிச் செத்தார் எண்டு கேட்டார். நான் முந்திரிக்கொட்டை மாதிரி எழும்பி, கிரேக்க விடுதலைக்கு வாளோட சண்டை பிடிச்சு வீரச்சாவு எண்டன். அப்ப எங்கட சுவரெல்லாம் அந்தச் சொல்தானே.

"ஏறடா வாங்கில. காய்ச்சலடா! 1824 ஏப்ரல், கிரேக்கத்தில மிசலோங்கியில மழையில நனைஞ்சு வந்த காய்ச்சல், டொக்டர்மார் அட்டை விட்டு ரத்தம் எடுத்தே ஆளை முடிச்சாங்கள். வயசு 36. ஒரு சண்டையும் பிடிக்கேல்ல."

மணி அடிச்சுது, இறங்கு எண்டு சொல்லாமலே போட்டார்.

இருவது வருஷம் கழிச்சு இஞ்ச லண்டன் ஹரோவில (பைரன் படிச்ச பள்ளிக்கூடமும் இஞ்சதான்) லைப்ரரி கழிச்சுவிட்ட புத்தகங்களுக்குள்ள வில்லியம் சென் கிளேர் கிரேக்க விடுதலைப் போரைப் பற்றி 1972 இல எழுதினது ஒண்டு 50 பென்ஸுக்குக் கிடைச்சுது. கவிஞர் ஷெல்லி குடும்பத்தைப் பற்றியும் எழுதின ஆள், திறைசேரியில வேலை செய்தவராம். தொடக்கமே 1821 இல அங்க இருந்த துருக்கிச் சனத்தைக் கொண்டு முடிச்ச கதை. பிறகு ஹோமர் படிச்ச வெறியில கப்பலேறிப் போன ஐரோப்பியப் பெடியள், 1822 இல பேட்டா எண்ட இடத்துச் சண்டையில ஒரே நாளில பெரும்பாலும் செத்திட்டாங்கள். லண்டனில கிரேக்கருக்கெண்டு கொமிட்டி, கூட்டம், 8 லட்சம் பவுண் எண்டு கடன், அதில அரைவாசியும் அங்க போய்ச் சேரேல்ல. ஹீட்டருக்குப் பக்கத்தில இருந்து வாசிச்சன், நான் எத்தினை ஹோல்ல கை தட்டினனான் எண்டு யோசிச்சு புத்தகத்தை மூடி வைச்சிட்டு சேருக்கு கோல் எடுத்தன்.

ஆள் என்னை மறந்திட்டார். எந்த பட்ச் எண்டார். வாங்கு விசயமும் ஞாபகமில்லையாம், நான் எண்டா இன்னும் இறங்கேல்ல. ஆனா சென் கிளேர் எண்டதும் குரல் மாறிச்சுது. "அவர்ர எல்ஜின் புத்தகம் வாசிச்சனான் தம்பி, எல்ஜின் பிரபு துருக்கிக்காரரிட்ட கடிதம் வாங்கி ஏதென்ஸ் பார்த்தினன் கோயில் சிலையளைக் கழட்டின கதை."

எங்க சேர் எடுத்தனீங்கள்?

"எங்கட யாழ்ப்பாண லைப்ரரியில, 81க்கு முந்தி. திருப்பிக் குடுத்திட்டன்." கொஞ்சம் பொறுத்து, "குடுக்காமல் வைச்சிருந்திருக்கலாம்."

நான் வாங்கிக் கொண்டு வாறன் சேர் எண்டன். பிறகு நாலு தரம் ஊருக்குப் போனன், சொக்லேட், பெர்ஃபியூம், ஆருக்கோ ஐபோன் எல்லாம் கொண்டு போனனான்.