காலி மனைப் புல்லும் ஒரு பழுப்புப் பட்டாம்பூச்சியும்

அக்டோபர் 6

இரண்டு நாள் மழைக்குப் பிறகு இன்றுதான் வெயில் எட்டிப் பார்த்தது. பக்கத்துக் காலி மனையில் புல் முழங்கால் உயரம் வளர்ந்துவிட்டது, அதற்குள் அந்தச் சின்னப் பழுப்புப் பட்டாம்பூச்சிகள். பறக்கின்றன என்பதைவிடத் தத்துகின்றன என்று சொல்லலாம், தரையிலிருந்து இரண்டு அடிக்கு மேல் எழும்பவே இல்லை. காமன் ஃபோர்ரிங் என்பார்கள், அறிவியல் பெயர் இப்திமா ஹ்யூப்னரி, 1871இல் பூச்சியியலாளர் கிர்பி வைத்தது. பின்னிறக்கையின் அடிப்பக்கம் நான்கு கண்புள்ளிகள், மேல்முனையில் ஒன்று, கீழ்மூலையில் மூன்று. முன்னிறக்கையில் இன்னொரு பெரிய கண் இருக்கிறது: மஞ்சள் வளையம், உள்ளே கறுப்பு, கறுப்புக்குள் நீலம் கலந்த இரண்டு வெள்ளிப் பொட்டுகள். இவ்வளவையும் மூன்றரை சென்டிமீட்டர் அகலத்துக்குள் வைத்துக்கொண்டு பார்ப்பவர் கண்ணில் வெறும் பழுப்பாகத் தெரிகிறது.

அக்டோபர் 9

காலை ஏழரை மணிக்கு ஒன்று இலைமேல் இறக்கையை விரித்து வெயில் காய்ந்துகொண்டிருந்தது. முட்டி போட்டு ஒரு சாண் தூரம் வரை போய்விட்டேன். நான்கு காலில்தான் நிற்கிறது, முன்கால் இரண்டும் குறுகி மார்போடு ஒட்டியிருக்கின்றன. இந்தக் குடும்பம் முழுக்க அப்படித்தான். உடம்பு சூடானதும் இறக்கையை மூடியது, அப்போதுதான் பார்த்தேன், பின்னிறக்கையின் கீழ்மூலையில் கண்புள்ளிகள் இருக்க வேண்டிய இடம் கத்தரித்ததுபோல் காணவில்லை. பல்லியோ குருவியோ அந்தப் பொய்க்கண்ணைக் குறிவைத்துக் கொத்தியிருக்க வேண்டும். இறக்கையில் ஒரு துண்டு போனது, உயிர் தப்பியது.

அக்டோபர் 13

முட்டையிடுவதைப் பார்த்துவிட்டேன்! வேலியோரம் அகல இலைப் புல்லின் அடியில் ஒன்றே ஒன்று, வெளிர்பச்சை, கடுகைவிடச் சிறியது. அப்புறம் நாலு எட்டு தள்ளிப் போய் இன்னொன்று. அடையாளத்துக்குப் பக்கத்தில் குச்சி நட்டு வைத்திருக்கிறேன்.

அக்டோபர் 17

வேலியோர முட்டை பொரிந்துவிட்டது. முதல் சாப்பாடு அதன் ஓடுதான்.

அக்டோபர் 20

மனையில் பாதியை யாரோ ஆள் வைத்து வெட்டி, வெட்டிய புல்லை அள்ளிக்கொண்டும் போய்விட்டார்கள். பாம்பு வரும் என்ற பயம் எனக்கும் புரிகிறது, ஆனால் என் இரண்டாவது குச்சி நின்ற இடம் மொட்டைத் தரையாகிவிட்டது. வயிறு பிசைந்தது. பூச்செடி வைத்தால் பட்டாம்பூச்சி வரும் என்றுதான் எல்லோரும் சொல்கிறோம், இதற்குப் பூவைவிடப் புல்தான் முக்கியம். முட்டையும் புழுவும் கூட்டுப்புழுவும் புல்லோடுதான் இருக்கின்றன, அதை அடியோடு வெட்டி அள்ளினால் ஒரு தலைமுறையையே அள்ளிக்கொண்டு போகிறோம். வேலியோரம் மூன்றடி அகலத்துக்கு விட்டுவிடுங்கள் என்று போய்க் கேட்டேன். சரி என்றார்கள்.

நவம்பர் 10

வேலியோரப் புழு நன்றாக வளர்ந்துவிட்டது. பச்சை, வால்நுனி இரண்டாகப் பிளந்திருக்கிறது. பகலில் அடித்தண்டோடு ஒட்டிக்கொண்டு அசையாமல் கிடப்பதால், இடம் தெரிந்த எனக்கே கண்டுபிடிக்க ஐந்து நிமிடம் ஆகிறது.

நவம்பர் 17

தண்டில் தலைகீழாகத் தொங்கும் கூட்டுப்புழு.

நவம்பர் 25

நான் போவதற்குள் வெளியே வந்துவிட்டது. காலிக் கூட்டைப் பிடித்துக்கொண்டு ஈர இறக்கை தொங்கத் தொங்க நின்றது. கண்புள்ளிகள் அப்போதுதான் மை வைத்ததுபோல் இருந்தன. ஒரு மணி நேரத்துக்கு மேல் அங்கேயே உட்கார்ந்திருந்தேன்.

ஜனவரி 28

புல் காய்ந்து வைக்கோல் நிறமாகிவிட்டது. இன்று பார்த்த மூன்றுக்கும் அடிப்பக்கக் கண்கள் சுருங்கி வெறும் புள்ளிகளாகியிருக்கின்றன. அதே இனம்தான், வறண்ட காலத்தில் பிறந்தவை. பச்சைப் புல்லில் கண்ணைக் காட்டி எதிரியின் கொத்தை இறக்கை ஓரத்துக்குத் திருப்பலாம், காய்ந்த சருகின் நடுவே அதே கண் காட்டிக்கொடுத்துவிடும். ஆப்பிரிக்காவில் வாழும் இதன் உறவுக்காரப் பழுப்புப் பட்டாம்பூச்சியான பைசைக்ளஸ் அனினானாவை வளர்த்துப் பார்த்திருக்கிறார்கள், புழுப் பருவத்துக் கடைசி நாட்களின் வெப்பம்தான் கண்ணின் அளவைத் தீர்மானிக்கிறதாம்.

மூன்றில் ஒன்று என் காலடியில் சருகோடு சருகாக இருந்தது. அது எழும்பிய பிறகுதான் எனக்கே தெரிந்தது. வேலியோரமாகத் தத்தி, அந்த மூன்றடிக்குள் இறங்கியது.