வெள்ளச்சிக்கு வாடகை, பெரியாத்தாவுக்குச் சம்பளம்

கற்பனை உலகத்து வானத்தில் மூன்று நிலா என்று ஒரே வரியில் எழுதிவிடலாம். அந்த ஊர்ப் படைவீரனுக்குச் சம்பளம் எந்த நிலா நிறைந்தால் வரும் என்று கேட்டால்தான் எழுதியவர் திருதிருவென்று முழிப்பார். நான் பிழைப்புக்குச் சம்பளப் பட்டியல் போடுகிறவள். நாவலுக்கு நாட்காட்டி செய்ய உட்கார்ந்ததும் எனக்கு முதலில் வந்த கேள்வியே அதுதான்.

என் உலகத்தில் ஆண்டுக்கு 372 நாள். சிட்டு என்ற குட்டி நிலா ஆறரை நாளுக்கு ஒருமுறை நிறையும். வெள்ளச்சி 28.4 நாளுக்கு ஒருமுறை. பெரியாத்தா தூரத்தில் மெதுவாக நடப்பவள், 71 நாள் எடுத்துக்கொள்வாள். அவளுக்கு 200 நாள் கொடுக்கத்தான் ஆசை. ஆனால் ஒரு நிலாவின் சுற்றுக்காலம் கோளின் ஆண்டில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கைத் தாண்டினால் அது நிலைக்காது, சூரியன் பிடுங்கிக்கொண்டு போய்விடும். மந்திரம் மாயம் எல்லாம் இருக்கிற கதைதான். அதற்காக எக்செல்லை ஏமாற்ற மனசு வரவில்லை.

71 என்ற எண்ணை எந்த யோசனையும் இல்லாமல்தான் போட்டேன். அட்டவணையை இழுத்துவிட்டுப் பார்த்தால் வெள்ளச்சியின் ஐந்து சுற்றும் 142 நாள், பெரியாத்தாவின் இரண்டு சுற்றும் 142 நாள். அப்படியென்றால் இருவரும் ஒருமுறை சேர்ந்து நிறைந்தால் 142 நாளுக்கொருமுறை சேர்ந்துகொண்டே இருப்பார்கள். தொடக்கத்தை ஏழு நாள் தள்ளிவைத்தால் எந்தக் காலத்திலும் சேரவே மாட்டார்கள். நான் தள்ளிவைத்தேன். இப்போது பெரியாத்தா நிறையும் இரவுகளில் எல்லாம் வெள்ளச்சிக்குப் பாதி முகம்தான். ஒருமுறை வளர்பிறைப் பாதி, அடுத்தமுறை தேய்பிறைப் பாதி. இரண்டு பேரும் முகம் கொடுத்துப் பேசுவதில்லை என்று ஊரில் கதை கட்டிவிட்டார்கள். ஏன் பேசவில்லை என்பதற்கு ஊருக்கு ஒரு காரணம்.

இதற்கு அசல் வானத்திலேயே சாட்சி உண்டு. வியாழனை கானிமீட் என்ற நிலா ஒருமுறை சுற்றுவதற்குள் யூரோப்பா இரண்டு முறையும் அயோ நான்கு முறையும் சுற்றிவிடும். ஈர்ப்பு அந்த மூன்றையும் அப்படிப் பூட்டிவைத்திருக்கிறது. மூன்றும் கோளின் ஒரே பக்கத்தில் வரிசையாக நிற்பது நடக்கவே நடக்காது. மூன்று நிலாவும் ஒன்றாக நிறையும் இரவில் இளவரசன் பிறப்பான் என்று எழுதுகிறவர்கள் இதைக் கொஞ்சம் பார்த்துக்கொள்ளலாம்.

சரி, காசுக்கு வருவோம். சந்தை, வட்டி இரண்டும் சிட்டுக் கணக்கு. சந்தை ஒருமுறை ஆறாம் நாள் கூடும், அடுத்தமுறை ஏழாம் நாள். வீட்டு வாடகை வெள்ளச்சிக்கு. 28, 29, 28, 29, 28 என்று ஐந்து மாதம் போனால் சரியாக 142 நாள். படைவீரர் சம்பளம் பெரியாத்தாவுக்கு. ஆண்டுக்கு ஐந்து சம்பளம் போட்டால் 355 நாள்தான் ஆகிறது, 17 நாள் மிச்சம். நம் ஊரில் ரமலான் ஆண்டுக்கு ஏறக்குறைய 11 நாள் முன்னால் வருகிற மாதிரி, அங்கே சம்பள நாள் 17 நாள் முன்னால் வந்துகொண்டே இருக்கும். ஒரு காலத்தில் அறுவடை முடிந்து சந்தை நிரம்பி வழியும்போது சம்பளம் வரும். சில ஆண்டு போனால் நெல்லே கண்ணில் படாத பஞ்ச மாதத்தில் வரும். படையில் கலகம் எந்த ஆண்டு வரும் என்று நான் கதைக்காக மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டியதில்லை, அட்டவணையே சொல்கிறது.

ஒரே ஊரில் பல கணக்கு ஓடினால் ஜனங்கள் குழம்ப மாட்டார்களா என்று தோழி கேட்டாள். பாலித் தீவில் 210 நாள் பவுக்கோன் நாட்காட்டியில் ஒரு நாளிலிருந்து பத்து நாள் வரை பத்து விதமான வாரங்கள் ஒரே சமயத்தில் ஓடுகின்றன. அங்கே யாரும் கோயில் திருவிழாவைத் தவறவிடுவதில்லை.

வெள்ளச்சிக்கு ஆண்டுக்கு 13 மாதம், 369 நாள் சொச்சம். பத்தாண்டில் 28 நாள் பாக்கி விழும். அதனால் பத்தாம் ஆண்டில் பதினான்காவது மாதம் ஒன்று. தெலுங்குப் பஞ்சாங்கத்தில் 19 ஆண்டுக்கு ஏழு அதிக மாதம் வருவது போலத்தான். அதை எப்போது நுழைப்பது என்று யார் சொல்வது என்பதில்தான் விவகாரமே. பழைய ரோமில் அந்த அதிகாரம் பூசாரிகளிடம் இருந்தது. வேண்டியவர் பதவியில் இருந்தால் ஆண்டை நீட்டினார்கள், வேண்டாதவர் என்றால் சுருக்கினார்கள். கடைசியில் கணக்கை நேர்படுத்த ஜூலியஸ் சீசர் கி.மு. 46ஆம் ஆண்டை 445 நாளுக்கு இழுக்க வேண்டியிருந்தது.

அதிக மாதம் போட்டும் பத்தாண்டில் 0.4 நாள் பிசகுகிறது. ஏறக்குறைய 700 ஆண்டில் அது முழு மாதமாகிவிடும். அதைத் திருத்திவிட்டேன், வேண்டுமென்றே என் உலகத்தின் வடநாட்டில் மட்டும். திருக்கணிதப் பஞ்சாங்கப்படி 2025 மார்ச் 29 அன்று சனிப்பெயர்ச்சி முடிந்துவிட்டது. பழைய வாக்கியப் பஞ்சாங்கம் பார்க்கும் திருநள்ளாறு கோயிலோ 2026 என்றது. நமக்கு இதெல்லாம் பழகியதுதான். என் தென்னாட்டு அரசனுக்கு மட்டும் இதற்காகப் போர் வேண்டுமாம்.

எனக்குப் போரைவிடப் பண்ணையாட்கள்தான் முக்கியம். அவர்களுக்கு ஆண்டுக் கூலி. பதினான்காவது மாதம் வந்தால் அந்த மாதம் முழுக்க வேலை உண்டு, கூலி கிடையாது. ஆனால் வாடகை உண்டு. வட்டிக்காரனைக் கேட்கவே வேண்டாம். ஒரு மாதத்துக்குச் சிட்டு 4.37 முறை நிறைகிறது. மாதம் நாலு தவணை என்று பேசிக் கடன் கொடுப்பான். மூன்று மாதத்தில் ஒன்றிலாவது ஐந்தாவது தவணைக்கும் வந்து நிற்பான். வாரக் கூலி போடுகிறவர்களுக்கு ஐந்து சனிக்கிழமை வருகிற மாதம் தெரியும். அதிக மாதம், சாதா மாதம் என்ற பேதமெல்லாம் சிட்டுக்குக் கிடையாது. அது பாட்டுக்கு நிறையும், அவனும் நோட்டும் கையுமாக வாசலுக்கு வந்துவிடுவான்.