முசுறு யார் பக்கம்?

சேலத்திலிருந்து ஏற்காடு ஏற இரண்டு வழி இருக்கிறது. அஸ்தம்பட்டி, கோரிமேடு, அடிவாரம் என்று போய் 20 கொண்டை ஊசி வளைவுகளில் ஏறுவது ஒன்று. குப்பனூர் போய், கொட்டச்சேடு வழியாகச் சுற்றி ஏறுவது இன்னொன்று. சுற்றுலா வண்டிகள் பெரும்பாலும் முதல் வழியில்தான் போகின்றன. செடி கொடி, பூச்சி, பறவை பார்க்க வேண்டும் என்றால் நான் இரண்டாவது வழியைத்தான் சொல்வேன். வண்டியை ஓரமாக நிறுத்த இடம் கிடைக்கும். கீழே இருக்கும் வறண்ட காடு மெல்ல மாறி, காப்பித் தோட்டங்கள் தொடங்குவதையும் நிதானமாகப் பார்த்துக்கொண்டே போகலாம்.

நானும் அக்காவும் போனது பங்குனிக் கடைசியில். அதற்கு முந்தின வாரம் மலையில் நல்ல மழை. கோடை வெயிலில் காப்பிச் செடியின் மொட்டுகள் வளராமல் அப்படியே உறங்கிக் கிடக்கும். ஒரு மழை விழுந்துவிட்டால் எட்டுப் பத்து நாளில் சரிவு முழுக்க ஒரே நேரத்தில் பூத்துவிடும். வெள்ளை வெளேரென்று, மல்லிகை வாசனையோடு. அந்தப் பூ இரண்டு மூன்று நாள்தான் தாங்கும். நாங்கள் போன அன்று தோட்டமே தேனீச் சத்தத்தில் அதிர்ந்துகொண்டிருந்தது. ஏற்காட்டில் அதிகம் இருப்பது அரபிகா வகைக் காப்பி. அது தன் மகரந்தத்திலேயே காய்த்துவிடும். ஆனாலும் தேனீ வந்து போன கிளையில் காய்ப் பிடிப்பு கூடுதல். ரொபஸ்டா வகை அப்படியில்லை; அடுத்த செடியின் மகரந்தம் வந்து சேராவிட்டால் அதற்குக் காயே கிடையாது. அந்த மூன்று நாளுக்காகத் தேனீக்கள் வருடம் முழுக்க அக்கம்பக்கத்தில் எங்காவது பிழைத்திருக்க வேண்டும். மற்ற மாதங்களில் அவற்றுக்குச் சாப்பாடு போடுவது காப்பி அல்ல, சுற்றியிருக்கும் காட்டு மரங்களும் களைச்செடிகளும்தான்.

சாலையோரத் தோட்டத்தில் ஒரு பெரியவர் மிளகுக் கொடியைக் கட்டிக்கொண்டிருந்தார். இந்த மலையிலேயே பிறந்து வளர்ந்தவர். உள்ளே வந்து பார்க்கலாமா ஐயா என்று கேட்டோம். "வாங்க கண்ணு, ஆனா கையை எங்கேயும் வைக்காதீங்க, முசுறு ஏறிடும்" என்றார்.

முசுறு தெரியும்தானே? இலைகளை இழுத்து ஒட்டி, பந்து மாதிரி கூடு கட்டும் செவ்வெறும்பு. கடித்தால் விடாது. அவர் ஒரு காப்பிக் கிளையைத் திருப்பிக் காட்டினார். இலையின் அடிப்பக்கம், நடு நரம்பை ஒட்டிப் பச்சையாகத் தட்டையாகச் சில புள்ளிகள். செதில் பூச்சி. உற்றுப் பார்த்தால்தான் அது உயிருள்ள பூச்சி என்றே தெரிகிறது. நகராமல் ஒரே இடத்தில் ஒட்டிக்கொண்டு சாற்றை உறிஞ்சி, தேவைக்கு மேலிருக்கும் இனிப்பைத் துளித்துளியாக வெளியே விடும். அந்தத் துளிக்காகத்தான் எறும்புகள் வரிசை கட்டி நின்றன. சும்மா வாங்கித் தின்பதில்லை, காவலும் காக்கின்றன. செதில் பூச்சியைத் தின்ன வரும் பொறிவண்டை முசுறு துரத்திவிடும். எறும்புக்கும் போக மிஞ்சும் இனிப்பு கீழ் இலைகளில் சொட்ட, அதில் கரும்பூசணம் படரும். இலை கறுத்தால் வெயிலைப் பிடிக்க முடியாது, செடி நோஞ்சானாகிவிடும். பறிக்கிற பெண்களும் முசுறு ஏறிய செடிப் பக்கம் வர யோசிப்பார்கள் என்றார் பெரியவர்.

அப்படியானால் முசுறு தோட்டத்துக்குப் பகை, அவ்வளவுதானே என்று அக்கா கேட்டாள். அவர் பதில் சொல்லாமல் ஓடைக்கரைக்குக் கூட்டிப்போனார். அங்கே ஓர் அத்திமரம் நின்றது. அடிமரத்திலேயே கொத்துக் கொத்தாகக் காய். அதிலும் முசுறு ஏறி இறங்கிக்கொண்டிருந்தது.

அத்தியைப் பற்றி இங்கே கொஞ்சம் நிறையவே சொல்ல வேண்டும், ஏனென்றால் எனக்குத் தெரிந்து இதைவிட நெருக்கமான உறவு வேறில்லை. அத்திப் பழத்தைப் பிட்டால் அத்தனையும் புழு என்று வீட்டில் சொல்வார்கள். உள்ளே இருப்பது ஒரு குளவிக் குடும்பம். நாம் காய் என்று நினைக்கிற உருண்டைக்குள்தான் அத்தியின் பூக்கள், நூற்றுக்கணக்கில், உள்முகமாகப் பூத்திருக்கின்றன. அதற்குள் போக நுனியில் ஒரு சின்னத் துளை. எறும்பைவிடச் சிறிய ஒரு பெண் குளவி அந்தத் துளைக்குள் நெருக்கிக்கொண்டு நுழைகிறது. நுழையும்போதே இறக்கை முறிந்துவிடும். இனி வெளியே வர முடியாது. தான் பிறந்த வேறொரு அத்தியிலிருந்து கொண்டுவந்த மகரந்தத்தை இந்தப் பூக்களில் சேர்க்கிறது. சில பூக்களில் முட்டை வைக்கிறது. அங்கேயே சாகிறது. முட்டை வைத்த பூவில் குளவி வளரும், மற்றதில் விதை வளரும். பல நாள் கழித்து முதலில் வெளிவருவது ஆண் குளவிகள். அவற்றுக்கு இறக்கையே கிடையாது. பெண்களோடு கூடிவிட்டு, வெளியே போக வழி துளைத்துக் கொடுத்துவிட்டுச் செத்துப்போகின்றன. பெண் குளவிகள் மகரந்தத்தை எடுத்துக்கொண்டு, தயாராக இருக்கும் வேறோர் அத்தியைத் தேடிப் பறக்கின்றன. அதற்கு அவற்றுக்குக் கிடைக்கும் ஆயுள் ஓரிரண்டு நாள்.

இந்த அத்திக்கென்று இந்த ஒரு குளவி. ஆலுக்கு வேறு, அரசுக்கு வேறு. குளவி இல்லாவிட்டால் மரத்துக்கு விதையில்லை, மரம் இல்லாவிட்டால் குளவிக்குப் பிறக்க இடமில்லை. அந்தக் குளவி அழியாமல் இருக்க வேண்டுமானால், எந்த மாதம் பார்த்தாலும் அந்த வட்டாரத்தில் ஏதாவது ஓர் அத்தி காய்த்துக்கொண்டிருக்க வேண்டும். காய்க்கவும் செய்கிறது. அதனால்தான் காட்டில் வேறு பழம் கிடைக்காத நாளிலும் குயில், குக்குறுவான், பச்சைப்புறா, வௌவால், மரநாய் எல்லாவற்றுக்கும் அத்தியில் சாப்பாடு இருக்கிறது. தின்றவை விதையைக் கொண்டுபோய் வேறெங்கோ போடுகின்றன.

சரி, முசுறுக்கு இதில் என்ன வேலை? இந்த உறவுக்குள் ஓசியில் நுழையப் பார்க்கும் வேறு குளவிகளும் உண்டு. அவை மகரந்தம் கொண்டு வருவதில்லை. காயின் மேல் உட்கார்ந்து, ஊசி போன்ற நீண்ட உறுப்பை வெளியிலிருந்தே உள்ளே செலுத்தி முட்டை வைத்துவிடும். இப்படி முட்டை வைக்க நேரம் பிடிக்கும். அந்த நேரத்தில் முசுறு பிடித்துத் தின்றுவிடும். மகரந்தம் கொண்டுவரும் குளவியோ காய்க்கு வந்ததும் சட்டென்று உள்ளே போய்விடுவதால் அவ்வளவாக மாட்டுவதில்லை. முசுறு நடமாட்டம் இருக்கும் அத்தியில் ஓசிக் குளவிகளின் தொல்லை குறைவு. முப்பது அடி தள்ளிக் காப்பியில் நட்டம் வைக்கும் அதே எறும்பு, இங்கே மரத்துக்குக் காவல்காரன். நல்லது, கெட்டது என்று ஓர் உயிருக்கு நிரந்தரமாகப் பெயர் வைப்பது எவ்வளவு அவசரம் என்று எனக்கு அங்கே நின்றபோது உறைத்தது. அது பக்கத்தில் யார் இருக்கிறார்கள் என்பதைப் பொறுத்தது.

செதில் பூச்சியை அடக்க 1898ஆம் ஆண்டிலேயே ஆஸ்திரேலியாவிலிருந்து ஒரு பொறிவண்டை இந்தியாவுக்குக் கொண்டுவந்தார்கள். காப்பியின் பச்சைச் செதில் பூச்சியிடம் அது பெரிதாக எடுபடவில்லை. ஆனால் நம் மண்ணில் நிலைத்துவிட்டது. இன்றுவரை மாவுப்பூச்சியைத் தின்று உதவுகிறது. செதில் பூச்சிக்கு உள்ளூரிலேயே ஒரு வைத்தியம் இருக்கிறது. மழைக்காலத்தில் ஒரு வெள்ளைப் பூஞ்சை அதன் மேல் படர்ந்து கொன்றுவிடும். அந்தப் பூஞ்சைக்கு ஈரம் வேண்டும், ஈரம் நிற்க நிழல் வேண்டும். காப்பியின் இன்னொரு பகையான வெள்ளைத் தண்டு துளைப்பான் வண்டின் கதையும் நிழலில்தான் போய் நிற்கிறது. அந்த வண்டு வெயில் படும் அரபிகாத் தண்டைத் தேடித்தான் முட்டை வைக்கும். அதன் புழு தண்டைக் குடைந்துவிட்டால் செடியைப் பிடுங்கி எரிப்பதைத் தவிர வழியில்லை.

1820களில் சேலம் கலெக்டராக இருந்த எம்.டி. காக்பர்ன் இந்த மலைக்குக் காப்பியைக் கொண்டுவந்தார். இன்று அதற்கு மேல் நிழலாகப் பெரும்பாலும் நிற்பது சில்வர் ஓக். அதுவும் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்ததுதான். சீக்கிரம் வளரும், நேராக வளரும், மிளகுக் கொடி ஏறும், வெட்டினால் காசு. பங்குனியில் அதன் ஆரஞ்சு நிறப் பூவுக்குத் தேன்சிட்டுகள் வருவதையும் பார்த்தேன். அதைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் அதில் பறவை தின்னப் பழம் கிடையாது. ஊரெல்லாம் இருக்கும் முள்முருங்கையாவது வேர் முடிச்சில் பாக்டீரியாவை வைத்துக் காற்றிலிருக்கும் நைட்ரஜனை மண்ணுக்குக் கொடுக்கிறது. ஓர் அத்தியை வெட்டிவிட்டு நாலு சில்வர் ஓக் வைத்தால் நிழல் கணக்கு சரியாகிவிடும். குளவி, குக்குறுவான், மரநாய்க் கணக்கு சரியாகாது. தோட்டக்காரர்கள் ஏக்கருக்கு இரண்டு மூன்று காட்டு மரங்களையாவது விட்டுவைக்க வேண்டும் என்று கைகூப்பிக் கேட்கத் தோன்றுகிறது.

ஏற்காடு ஏரியில் படகுக்குக் கூட்டம், நாங்கள் நிற்கவில்லை. இந்தியத் தாவரவியல் ஆய்வு நிறுவனத்தின் ஆர்க்கிட் தோட்டத்துக்கு மட்டும் போனோம். ஆர்க்கிட் விதை தூசி மாதிரி. முளைக்கத் தேவையான சாப்பாடு அதற்குள் கிடையாது. ஒரு பூஞ்சை உள்ளே புகுந்து ஊட்டினால்தான் முளைக்கும். 1899இல் நோயல் பெர்னார் என்ற பிரெஞ்சுக்காரர் கண்டுபிடித்துச் சொல்லும் வரை, விதை ஏன் முளைக்கவில்லை என்று தோட்டக்காரர்கள் தவித்திருக்கிறார்கள். வெளியே வந்தால் மரத்துக்கு மரம் சாம்பல் பச்சையில் ஒட்டியிருப்பது, நாம் குழம்பிலும் பிரியாணியிலும் போடும் கல்பாசியின் சொந்தக்காரர்கள். பூஞ்சையும் பாசியும் சேர்ந்து நடத்தும் ஒரே உடம்பு. பூஞ்சை தண்ணீரைப் பிடித்து வைக்கிறது, பாசி சமைக்கிறது.

இறங்கும்போதும் கொட்டச்சேடு வழியாகத்தான் வந்தோம். பெரியவர் இன்னும் மிளகுக் கொடியோடுதான் இருந்தார். அந்த வெள்ளைப் பூஞ்சையைப் பார்க்க முடியுமா என்று கேட்டேன். "இப்ப எங்க கண்ணு இருக்கு? ஆடியில நல்லா நாலு மழை பிடிக்கட்டும், அப்ப வாங்க, நானே காட்டுறேன்" என்றார். அவர் செல் நம்பரை அக்கா வாங்கி வைத்திருக்கிறாள். அடுத்த முறை நல்ல பூதக்கண்ணாடி ஒன்றும் கொண்டுபோக வேண்டும்.