ஒரு ரூபாய் டாக்டரும் ஒன்றரை லட்ச ரூபாய் அட்டையும்

ஆந்திராவின் ராயலசீமையில் ட்யூட்டி டாக்டராக வேலை பார்த்த வருடங்களில், அங்கே முதலமைச்சராக இருந்த ஒய்.எஸ். ராஜசேகர ரெட்டியின் பெயர் இரண்டு விதமாகக் காதில் விழும். ஓபி வரிசையில் நிற்கும் பெரியவர்களுக்கு அவர் தன் ஊரான புலிவெந்துலாவில் ஒரு ரூபாய் வாங்கிக்கொண்டு வைத்தியம் பார்த்தவர். அலுவலக அறையில் அதே பெயர் வந்தால் பேச்சு அவர் கொண்டுவந்த ஆரோக்கியஸ்ரீ மருத்துவக் காப்பீட்டின் பேக்கேஜ் (ஒவ்வொரு சிகிச்சைக்கும் திட்டம் தரும் தொகை), அனுமதி, பில் பாக்கி என்று போகும்.

குல்பர்காவில் எம்.பி.பி.எஸ்., திருப்பதியில் ஹவுஸ் சர்ஜன், கொஞ்ச காலம் ஜம்மலமடுகு மிஷன் ஆஸ்பத்திரி. 1973இல் புலிவெந்துலாவில் தந்தை பெயரில் ஒரு தர்ம ஆஸ்பத்திரி. 1978இல் சட்டமன்றம், அதற்குப் பிறகு நின்ற எந்தத் தேர்தலிலும் அவர் தோற்கவில்லை. கோஷ்டிப் பகைக்குப் பேர்போன அந்த மண்ணில், செல்வாக்குள்ள குடும்பத்துப் பிள்ளைக்கு ஸ்டெதஸ்கோப் இல்லாமலும் பதவி கிடைத்திருக்கும் என்றே நினைக்கிறேன். ஆனால் ஒரு வியாதி ஒரு வீட்டின் நிலத்தை எப்படித் தின்னும் என்று தெரிந்துகொள்ள ஓபி நாற்காலியைவிட நல்ல இடம் கிடையாது.

2003 கோடையில் செவெள்ளாவிலிருந்து இச்சாபுரம் வரை சுமார் 1,500 கிலோமீட்டர் பாதயாத்திரையாக மக்களைப் பார்க்க நடந்தார். மறுவருடம் முதலமைச்சர் ஆனதும் முதல் கையெழுத்து விவசாயிகளின் இலவச மின்சாரத்துக்குப் போனது. 2005இல் 108 ஆம்புலன்ஸ் வந்தது. ஆரோக்கியஸ்ரீ 2007 ஏப்ரல் 1 அன்று அனந்தபூர், மகபூப்நகர், ஸ்ரீகாகுளம் ஆகிய மூன்று ஏழை மாவட்டங்களில் தொடங்கியது. ஏழைகளுக்கான வெள்ளை ரேஷன் அட்டை இருந்தால் குடும்பத்துக்கு வருடம் ஒன்றரை லட்சம், போதாவிட்டால் இன்னும் ஐம்பதாயிரம் வரை, தனியார் ஆஸ்பத்திரியிலும்.

அதன் பலனை நான் பார்த்தது ஒரு கடலை விவசாயியின் மகளிடம். பதினாறு, பதினேழு வயதிருக்கும். இதயத்தின் மிட்ரல் வால்வு சுருங்கிப்போய், படுத்தால் மூச்சு முட்டும். தலையணைகளை அடுக்கி உட்கார்ந்தபடியே தூங்குவாள். எக்கோ படம், ரேஷன் அட்டை நகல், நோயாளியின் புகைப்படம் எல்லாவற்றையும் கணினியில் ஏற்றி அனுமதிக்குக் காத்திருந்தோம். ஒரு காசு கட்ட வேண்டியதில்லை என்று, நோயாளிகளுக்கு வழிகாட்டும் திட்டப் பணியாளரான ஆரோக்கியமித்ரா பொறுமையாகச் சொல்லிவிட்டுப் போன பிறகும் அப்பா என்னிடம் வந்து, "பணம் எந்த ஜன்னலில் கட்டணும் சாமி?" என்று கேட்டார். கையில் மஞ்சள் பை. உள்ளே நிலத்தின் பட்டாதார் பாஸ் புத்தகம். அடமானம் வைக்கத் தயாராக வந்திருந்தார். அது பையை விட்டு வெளியே வராமலே ஊர் திரும்பியது. இந்தத் திட்டத்தை யார் எவ்வளவு திட்டினாலும் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது அந்தப் பைதான்.

திட்ட வேண்டிய இடமும் அதே கேஸ் ஷீட்டில் இருந்தது. சின்ன வயதில் தொண்டை வலி, காய்ச்சல், பிறகு முட்டி மாற்றி முட்டி வீக்கம். இதய வால்வைக் கெடுக்கும் ருமாட்டிக் காய்ச்சலுக்கு இதைவிடத் தெளிவான வரலாறு வேண்டாம். யாரோ வலி மாத்திரை கொடுத்து அனுப்பியிருக்கிறார்கள். அன்றே கண்டுபிடித்து, மூன்று வாரத்துக்கு ஒரு பென்சிலின் ஊசி என்று தொடர்ந்து போட்டிருந்தால் வால்வு தப்பித்திருக்க நல்ல வாய்ப்பு உண்டு. மலிவான மருந்து, போட்டால் இடுப்பில் கடுகடுவென்று வலிக்கும், குழந்தைகள் ஓடி ஒளியும், அவ்வளவுதான். அதைப் போடுவது கிராமத்து டாக்டரின் வேலை. வால்வு மாற்ற பணம் கொடுத்த திட்டத்தில் இந்த ஊசிக்குப் பேக்கேஜ் இல்லை. ஒரு ரூபாய்க்குக் காய்ச்சல் பார்த்தவர் கொண்டுவந்த திட்டத்தில் காய்ச்சலுக்கு இடமில்லை!

அவருக்குத் தெரியாமல் இருந்திருக்காது. வால்வு மாற்றிய பெண் தெருவில் நடந்துபோனால் ஊரே பார்க்கும். வராமல் போன நோய்க்கு யார் ஓட்டுப் போடுவார்கள்? முழுக்க மறந்துவிட்டார் என்றும் சொல்ல மாட்டேன். சர்க்கரைக்கும் ரத்த அழுத்தத்துக்கும் மாத்திரையோடு ஊர் ஊராகப் போன 104 வண்டியும் அவர் காலத்தில் வந்ததுதான். ஆனால் பணமும் பேச்சும் அறுவை அரங்கின் பக்கமே ஓடின. நான் இருந்த ஆஸ்பத்திரியின் மாதக் கூட்டத்தில் "எத்தனை ஆரோக்கியஸ்ரீ கேஸ்?" என்பதுதான் முதல் கேள்வி. தேவையில்லாமல் கருப்பையை எடுக்கிறார்கள் என்ற புகார் மாநிலத்தில் பலமாகக் கிளம்பியபோது எனக்கு ஆச்சரியமாக இல்லை.

2009 செப்டம்பர் 2 அன்று நல்லமலைக் காட்டில் ஹெலிகாப்டர் விழுந்து அவர் இறந்தார். அதற்குச் சில வாரங்களுக்கு முன், ஜூலையில், தமிழ்நாட்டில் கலைஞர் காப்பீட்டுத் திட்டம் அதே தடத்தில் தொடங்கியிருந்தது. இரண்டையும் ஒன்றாகவே பேசுகிறார்கள். ஒரு வித்தியாசத்தை விட்டுவிடுகிறார்கள்: தமிழ்நாட்டில் அரசின் மருத்துவப் பணிகள் கழகம் தொண்ணூறுகளிலேயே மருந்தை மொத்தமாக வாங்கி ஆரம்ப சுகாதார நிலையம் வரை கொண்டுசேர்க்கத் தொடங்கிவிட்டது. காப்பீடு அதற்கு மேல் வந்து உட்கார்ந்தது. ஆந்திராவில் காப்பீடு முந்திக்கொண்டது. அந்தப் பெண்ணுக்கு இப்போது ரத்தம் உறையாமலிருக்க ஆயுளுக்கும் மாத்திரை வேண்டும். சரியாக வேலை செய்கிறதா என்று அடிக்கடி ரத்தப் பரிசோதனையும் வேண்டும். டிஸ்சார்ஜ் அன்று அதைச் சொன்னபோது அவள் அப்பா கேட்டது, அந்தப் பரிசோதனை தங்கள் ஊர்ப் பக்கம் எங்கே செய்வார்கள் என்று. டவுனுக்குத்தான் வர வேண்டும் என்று எழுதிக் கொடுத்தேன்.