கிராகி

"இன்னைக்குக் கொஞ்சம் கிராகியா இருக்கு" என்றார், இங்கிலாந்தின் துறைமுக நகரமான போர்ட்ஸ்மத்தில் என்னோடு வேலை பார்க்கும் பெரியவர். கிராகி (groggy) என்றால் ஆங்கிலத்தில் தள்ளாட்டம், மயக்கம். அவருக்கு இருமல் மருந்தின் மயக்கம். குடியைத் தொடாத மனுஷர்.

ஆனால் அந்தச் சொல்லே ரம்மில் ஊறியது!

1740-இல் பிரிட்டிஷ் கடற்படையின் அட்மிரல் வெர்னான், மாலுமிகளின் ரம்மில் தண்ணீர் கலக்க உத்தரவிட்டார். குரோகிராம் என்ற முரட்டுத் துணியில் அங்கி போடுவார். அதனால் பட்டப்பெயர் 'ஓல்டு கிராக்'. தண்ணீர் கலந்த சரக்குக்கும் 'கிராக்' என்றே பெயர் ஒட்டிக்கொண்டது. அது தலைக்கேறினால் கிராகி.

ரம் ஊற்றிய ஓக் தொட்டி ஒன்றைப் பார்த்திருக்கிறேன். வயிற்றுப் பக்கம் பித்தளை எழுத்துகள்: 'அரசர், கடவுள் அவரை ஆசீர்வதிக்கட்டும்'. குடிக்க வரிசையில் நின்றவன் தினமும் அதைத்தான் பார்த்திருப்பான்.

1970 ஜூலை 31-இல் கடற்படை மாலுமிகளுக்குக் கொடுத்துவந்த அந்த தினப்படி ரம் நின்றது.

சொன்னதும் பெரியவர் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தார். "எங்க தாத்தா கப்பல்லதான் இருந்தார். அவர் சொல்லித்தான் எனக்கு இந்த வார்த்தையே தெரியும்."