திரைக்கு இன்னும் வராத அம்மிச்சிகள்

ஒரு முழுநீளப் படத்தையே மூதாட்டி ஒருவரின் மேல் நிறுத்த முடியும் என்பதை 1953-லேயே காட்டியவர் எங்கள் கொங்கு நாட்டுக் கொடுமுடியில் பிறந்த கே.பி.சுந்தராம்பாள். ஜெமினி ஸ்டூடியோவின் ‘ஔவையார்’ படத்தில், மணத்திலிருந்து தப்பப் பிள்ளையாரிடம் முதுமையையே வரமாகக் கேட்டுப் பெறும் பெண், கோலூன்றி ஊர் ஊராக நடந்து அரசர்களுக்கே அறிவு சொல்கிறாள். அந்தத் தொடக்கத்தைத் தமிழ்த்திரை தொடரவில்லை என்பது என் நெடுநாள் வருத்தம்.

‘பராசக்தி’யில் (1952) சிவாஜிக்கு ஜோடியாக நடித்த பண்டரிபாய், ‘குடியிருந்த கோயில்’ (1968) படத்தில் தம்மைவிடப் பத்து வயதுக்கும் மேல் மூத்தவரான எம்.ஜி.ஆருக்குத் தாயானார். தலை நரைத்த பெண்ணுக்குப் பூஜையறையும் கண்ணீரும் மட்டுமே மிஞ்சின.

எங்கள் பக்கத்து மூத்த பெண்களோ விடியுமுன் கட்டுத்தரையைக் கூட்டி, பால் கறந்து, சொசைட்டியில் ஊற்றி, அட்டையில் எழுதிய அளவு சரிதானா என்று பார்த்த பிறகே வீடு திரும்புகிறவர்கள். சோமனூர்ப் பக்கம் தறிச் சத்தத்துக்கு நடுவே எழுபது வயதிலும் தறிக்கான நூலைத் தாராகச் சுற்றுகிறவர்கள். அம்மிச்சியின், அதாவது அம்மாவைப் பெற்றவளின், வாய்ச்சொல் இல்லாமல் பேத்தியின் சீர் பேசி முடியாத வீடுகள் இங்கே எத்தனையோ உண்டு.

‘சதி லீலாவதி’ (1995) காலந்தொட்டு நம்மைச் சிரிக்க வைத்த கோவை சரளா, ‘செம்பி’யில் (2022) பேத்திக்கு நேர்ந்த கொடுமைக்கு நியாயம் கேட்டு நிற்கும் மலைவாழ் மூதாட்டியாக வந்தபோது, இத்தனை ஆண்டுகள் இந்த நடிப்பை எங்கே பூட்டி வைத்திருந்தோம் என்று மனம் பதறியது. ‘ஜே.பேபி’யில் (2024) ஊர்வசி ஏற்ற தாயை நான் இன்னும் மேலாக மதிக்கிறேன். வீட்டாருக்கும் அக்கம்பக்கத்தாருக்கும் தொல்லை தருகிற, யாரிடமும் சொல்லாமல் கொல்கத்தா வரை போய்விடுகிற அவரைப் படம் தெய்வமாக்காமல் மனுஷியாகவே விட்டுவைக்கிறது.

ஆனாலும் இவ்விரு படங்களிலும் ஒரு கொடுமையோ மனநோயோ நேர்ந்த பிறகுதான் மூத்த பெண் கதையின் நடுவுக்கு வருகிறார். பிறந்த வீட்டுப் பங்கை விட்டுக்கொடுத்து, அண்ணன் தம்பிகளுக்காக விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்திட்ட பெண்கள் எங்கள் ஊர்களில் ஏராளம். அறுபத்தைந்து வயதில், சொந்தப் பால் காசு கையில் இருக்க, அந்தக் கையெழுத்தைப் பற்றி ஒருத்தி என்ன நினைக்கிறாள் என்று கேட்கும் படத்துக்காகத்தான் நான் காத்திருக்கிறேன்.