கூவாகத்தில் கேமரா எங்கே நிற்க வேண்டும்

உளுந்தூர்பேட்டை பக்கத்துக் கிராமமான கூவாகம் என்றதும் பலருக்கும் திருநங்கைகளின் அழகிப் போட்டிதான் ஞாபகம் வருகிறது. அது விழுப்புரத்து மேடையில் நடப்பது. அந்த ஊர்ச் சாமி கூத்தாண்டவருக்கு நடப்பது, சாகை வார்த்தல் என்னும் கூழ் ஊற்றும் சடங்கில் தொடங்கும் 18 நாள் சித்திரைத் திருவிழா. பாரதப் போரும் 18 நாள்தான். அதில் களப்பலியான அரவான்தான் கூத்தாண்டவர். பலிக்கு முன் அவரை மணந்தது மோகினியாக வந்த கிருஷ்ணன். அந்த மோகினியாகத்தான் திருநங்கைகள் இங்கே தாலி கட்டி, அறுக்கிறார்கள். ஆவணப்படக் குழுக்கள் பெரும்பாலும் தாலி கட்டும் நாளுக்கும் தேருக்கும் மட்டும் வந்து இறங்குவதால், சுற்றுவட்டாரக் கிராமங்கள் அம்மன் கோயிலுக்குச் செய்வது போலவே அரவானுக்கும் கூழ் ஊற்றுவது படத்தில் விழுவதே இல்லை. முதல் நாளே போய்விடுங்கள். அன்று கேமராவைப் பையிலிருந்து எடுக்காவிட்டாலும் பரவாயில்லை, ஊர்க்காரர்களுக்கு முகம் பழகினால் போதும்.

சாமிக்குக் கண் திறந்ததும் பூசாரி கையால் தாலி கட்டிக்கொள்ளும் கூட்டம் நெருக்கும். அந்த வரிசையில் திருநங்கைகள் மட்டும் நிற்பதில்லை. வேண்டுதல் வைத்த கிராமத்து ஆண்களும் அதே மஞ்சள் கயிற்றுக்குக் கழுத்தை நீட்டுகிறார்கள். இருவரும் ஒரே சட்டகத்தில் வர வேண்டும். ஊரை வெட்டிவிட்டுத் திருநங்கைகளை மட்டும் காட்டினால், ஒரு வட்டாரத்தின் பக்தி வெறும் வேடிக்கையாகிவிடும். இதற்கு 35 மி.மீ. லென்ஸ் போதும்.

ட்யூப்லைட், சீரியல் பல்பு வெளிச்சத்தில் ஷட்டர் 1/50-ல் இருக்கட்டும், இல்லையென்றால் படத்தில் பட்டை பட்டையாக ஓடும். இரவில் கற்பூரத்தைக் குவித்து ஏற்றிச் சுற்றிக் கும்மியடிப்பார்கள். தானியங்கி எக்ஸ்போஷரில் விட்டால் சுடர் எழும்பும்போதெல்லாம் முகங்கள் இருண்டுபோகும். கையால் முகத்துக்கு வைத்துப் பூட்டிவிடுங்கள், சுடர் வெளுத்தால் வெளுக்கட்டும். ஒலியை இரண்டு தடத்தில் பதியுங்கள். பேச்சுக்கு உச்சம் மைனஸ் 12 டெசிபல், இரண்டாவது தடம் அதைவிட 12 டெசிபல் குறைவாக. வெடிச் சத்தத்தில் முதல் தடம் கிழியும்போது அதுதான் கை கொடுக்கும்.

மறுநாள் தேர். அரவானின் உறுப்புகள் பக்கத்து ஊர்களிலிருந்து வந்து சேர்ந்து தேரில் உருவம் எழும்பும். அரவான் பலிக்காக அழும் இடமான அழுகளத்துக்குத் தேர் போய்ச் சேர்ந்ததும் வளையல் உடையும், தாலி அறுபடும், தலை முழுகி வெள்ளைப் புடவை. நீள லென்ஸ் வைத்து, முன்பின் தெரியாதவர் அழுவதைத் தூரத்திலிருந்து பிடிப்பது திருட்டு. முந்தைய நாட்களிலேயே பேசிச் சம்மதித்த ஒருவரோடு மட்டும், அவர் பக்கத்திலேயே இருங்கள். அவர் கை காட்டினால் கேமராவை இறக்கிவிட வேண்டும்.

சம்மதம் என்பது ஒரு கையெழுத்தோடு முடிவதில்லை. பெயர், முகம், ஊர் மூன்றையும் தனித்தனியாகக் கேட்டு அவர் குரலிலேயே பதிய வேண்டும். அதுவும் திருவிழா நெரிசலில் அல்ல, அதற்கு முன்பே. வீட்டுக்குத் தெரியாமல் வருகிறவர்கள் உண்டு. ஒரு நொடி முகம் வந்தால்கூட வாடகை வீடு, வேலை இரண்டும் போய்விடும். 2008-ல் தமிழ்நாட்டில் நல வாரியம் வந்தது, 2014-ல் உச்ச நீதிமன்றம் மூன்றாம் பாலினத்தை ஏற்றது. அடையாள அட்டை வைத்திருப்பவரும் இந்தக் கயிற்றுக்காக இரவெல்லாம் நிற்கிறார். ஏன் என்று அவரையே சொல்ல விடுங்கள், அறுவை சிகிச்சை பற்றிக் கேட்காதீர்கள். படத்தொகுப்பு முடியுமுன் அவருக்குப் போட்டுக் காட்டி, வேண்டாம் என்ற காட்சியை எடுத்துவிடுங்கள்.

அழுகளம் காலியான பிறகு ஒலிப்பதிவை உடனே நிறுத்த வேண்டாம். உடைந்த வளையல் மேல் நடக்கும் சத்தம் அப்போதுதான் தெளிவாகக் கேட்கும்.